ஊமைப்படத்தில் செஞ்சோற்றுக் கடன்

ஜப்பானிய நாட்டில் சாமுராய் எனப்படும் போர்மறவர் வாள் தரித்து வீதியில் நடப்பதை அந்நாட்டு அரசு 1876 ஆம் ஆண்டில் தடை செய்தது. அதற்கு மூன்றாண்டுகளுக்கு முன்னரே, தந்தையையோ தலைவனையோ கொன்றவனைத் தேடிச் சென்று பழிதீர்ப்பதும் குற்றமென்று சட்டம் செய்யப்பட்டுவிட்டது. சிற்றரசர்களின் ஆட்சிப் பகுதிகள் 1871 இலேயே கலைக்கப்பட்டிருந்தன. யாருக்காக வாளேந்தினரோ அந்தத் தலைவரும் இல்லை, வாளும் இல்லை, வாள்கொண்டு ஆற்றவேண்டிய கடமையும் இல்லை என்ற நிலைக்குச் சாமுராய்க் குலம் வந்து சேர்ந்தது. இருபது ஆண்டுகள் கழிந்தன. 1897 இல் பிரெஞ்சு நாட்டிலிருந்து சலனப்படக் கருவி ஒசாகா நகருக்கு வந்தது. எஞ்சியுள்ள ஜப்பானியப் படங்களுள் மிகப் பழையது 1899 இல் எடுக்கப்பட்ட 'மொமிஜிகாரி'. அதில் ஒரு மறவன், மங்கை வடிவில் வந்த பேயோடு பொருதுகிறான். தெருவில் கழற்றி வைக்கப்பட்ட வாள் திரையில் உருவப்பட்டது.

அடுத்த முப்பது ஆண்டுகளில் அங்கே எடுக்கப்பட்ட ஊமைப்படங்களுள் வாட்போர்ப் படங்களே பெருந்தொகையின. அவற்றை வெறும் பொழுதுபோக்கென்று ஒதுக்குவோர் உண்டு. போர்வெறிக்கு வித்திட்டவை என்று ஒரேயடியாகச் சாடுவோரும் உண்டு. மலாயாவில் 1942 முதல் 1945 வரை வாழ்ந்தோர்க்கு ஜப்பானிய வாள் என்றவுடன் நினைவுக்கு வந்தது திரைப்படமன்று. ஆதலின் அச்சாட்டில் வியப்பில்லை. எனினும், அப்படங்களுள் சிறந்தவை தலைவனுக்குத் தொண்டன் பட்ட கடனைப் போற்றியதோடு நில்லாமல், தொண்டனுக்குத் தலைவன் பட்ட கடன் என்னாயிற்று என்றும் கேட்டன. அக்கேள்வி எழுந்த விதமும் அடங்கிய விதமும் அறியத்தக்கவை.

சாமுராயின் கடப்பாட்டைக் குறிக்க ஜப்பானிய மொழியில் 'கிரி' என்றொரு சொல் உண்டு. தமிழ்ச் செவிக்கு மலை என்று கேட்கும். சுமந்தவர்களுக்கு அது மலையாகத்தான் இருந்தது. பெற்ற நன்மைக்கு ஈடாகச் செலுத்தியே தீரவேண்டிய கடன் என்பது அதன் பொருள். அதற்கு எதிர்த்தட்டில் நிற்பது 'நிஞ்ஜோ'; மனைவி மக்கள்பாலும் நண்பர்பாலும் இயல்பாகச் சுரக்கும் பாசம். இவ்விரண்டும் மோதுமிடமே அந்நாட்டு நாடகத்தின் உயிர்நிலை. தமிழில் கிரிக்கு நிகரான சொல்லைத் தேடி அலையவேண்டியதில்லை. செஞ்சோற்றுக் கடன் என்பது கருத்தளவில் மட்டுமன்றிச் சொல்லளவிலும் பொருந்தும். ஏனெனில், சாமுராயின் ஊதியம் அரிசியாகவே அளக்கப்பட்டது. அதற்குரிய அளவைக்குக் 'கொக்கு' என்று பெயர். ஏறக்குறைய 180 லிட்டர் கொண்ட ஒரு கொக்கு, ஓர் ஆள் ஓராண்டு உண்ணப் போதுமான அரிசி என்று கொள்ளப்பட்டது. ஒரு சிற்றரசரின் தகுதியும் அவருடைய நாடு எத்தனை கொக்கு விளையும் என்பதைக் கொண்டே மதிக்கப்பட்டது. உண்ட சோற்றை எண்ணிப் பார்த்து வாளெடுத்தவர்கள் அம்மறவர்கள்.

திரையில் மீண்டும் மீண்டும் காட்டப்பட்ட கதை ஒன்று உண்டு. அதனைச் சற்று விரிவாகக் கூறாமல் மேலே செல்ல இயலாது.

1701 ஆம் ஆண்டில் எடோ மாளிகையில், அதாவது இன்றைய தோக்கியோவில், அகோ நாட்டின் சிற்றரசர் அசானோ நாகனோரி என்பவர், அரண்மனைச் சடங்குகளைக் கற்பிக்கும் பொறுப்பிலிருந்த கிரா யோஷினாகா என்பவரை வாளால் வெட்டிக் காயப்படுத்தினார். அகோ ஏறக்குறைய ஐம்பதாயிரம் கொக்கு விளையும் நாடு. கிரா கேட்ட கையுறையைக் கொடுக்காததால் அவமதிக்கப்பட்டார் என்பது மேடைகள் பரப்பிய காரணம். வரலாற்று ஆவணங்களில் காரணம் அவ்வளவு தெளிவாக இல்லை. ஷோகனின் மாளிகைக்குள் வாளுருவுவது பெருங்குற்றம். அன்றைய தினமே அசானோ தம் வயிற்றைக் கீறி உயிர்விடவேண்டும் என ஆணை பிறந்தது. அவருடைய நாடு பறிக்கப்பட்டது. காயப்பட்ட கிராவுக்குத் தண்டனை எதுவும் விதிக்கப்படவில்லை. அகோவின் வீரர்கள் ஒரே நாளில் தலைவனற்ற 'ரோனின்'கள் ஆயினர்.

அவர்களுள் நாற்பத்தெழுவர் ஓயிஷி குரானோசுகே என்னும் தலைமை அதிகாரியின்கீழ் இரகசியமாக ஒன்றுபட்டனர். ஓயிஷி குடியிலும் கூத்திலும் மூழ்கியவர்போல் நடித்து ஒற்றர்களை ஏமாற்றினார் என்பர். ஏறக்குறைய இரண்டாண்டு காத்திருந்து, 1703 ஜனவரி இறுதியில் ஓரிரவு கிராவின் மாளிகைக்குள் புகுந்து அவர் தலையைக் கொய்து, செங்காகுஜி ஆலயத்திலுள்ள தம் தலைவனின் கல்லறைமுன் வைத்தனர். மேடையிலும் திரையிலும் அவ்விரவில் பனி பொழிந்துகொண்டேயிருக்கும். அரசு அவர்களைச் சாதாரணக் கொலைகாரர்களாகக் கழுத்தை வெட்டிக் கொல்லவில்லை. மறவர்க்குரிய மதிப்போடு வயிறு கீறி மாள ஆணையிட்டது. 1703 மார்ச்சில் மாண்டவர்கள் நாற்பத்தறுவர். எஞ்சிய ஒருவர் தெராசாகா கிச்சியெமோன். நாற்பத்தெழுவருள் மிகத் தாழ்ந்த நிலையினரான காலாள் வீரர் அவர். தண்டனைக்கு உள்ளாகாமல் அவர் 1747 வரை வாழ்ந்தார். அனுப்பிவைக்கப்பட்டாரா, தாமே விலகினாரா என்ற வாதம் இன்றும் ஓயவில்லை.

இந்நிகழ்ச்சியை ஜப்பானியர் ஒரே குரலில் போற்றினர் என்று எண்ணுவது பிழை. அக்காலத்து அறிஞர் முரோ க்யூசோ அவர்களை அறமறவர் என்று பாராட்டி எழுதினார். ஓக்யூ சொராய் அவர்களுடைய உணர்ச்சியை மதித்தாலும், தனிமனிதர் நெறிக்காகப் பொதுச் சட்டம் வளையலாகாது என்றார். சாத்தோ நாவோகாட்டா என்பவரோ, அசானோவைக் கொன்றது அரசின் தீர்ப்பேயன்றிக் கிராவின் கையன்று. கிராவைப் பழிவாங்க என்ன நியாயம் என்று கேட்டார். 'ஹாகாகுரே' என்னும் புகழ்பெற்ற நூலில் வேறொரு கண்டனம் காணப்படுகிறது. இவ்வளவு காலம் காத்திருந்தார்களே, இடையில் கிரா நோயால் இறந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பது அது. ஆக, கடமை என்றால் என்ன என்பதில் சாமுராய்கள் வாழ்ந்த காலத்திலேயே கருத்தொருமை இல்லை. மேடைதான் ஒருமையை உண்டாக்கிற்று. 1748 இல் ஒசாகாவில் பாவைக்கூத்தாக அரங்கேறிய 'கனதேஹோன் சூஷிங்குரா', தணிக்கைக்கு அஞ்சிப் பெயர்களையும் காலத்தையும் மாற்றி இக்கதையைச் சொன்னது. அது காபுகி மேடைக்குத் தாவியது. அதன்பின் அக்கதை நாட்டின் பொதுச்சொத்தாயிற்று. 'சூஷிங்குரா' என்ற பெயரே கதைக்கு நிலைத்தது.

சலனப்படத்தார் கையில் இது கிடைத்தபோது அவர்கள் புதிதாக எதையும் சேர்க்கவேண்டியிருக்கவில்லை. கியோட்டோ நகரில் சென்போன்சா என்ற நாடகக் கொட்டகையை நடத்திவந்த மக்கினோ ஷோசோ 1908 இல் படமெடுக்கத் தொடங்கினார். ஊரூராய்ச் சென்று நடித்துக்கொண்டிருந்த ஓனோயே மாட்சுனோசுகே என்ற நடிகரை அவர் கண்டெடுத்தார். 1909 இல் மாட்சுனோசுகேயின் முதற்படம் வெளிவந்தது. அதன் பொருள், தலைவன் யோஷிட்சுனேக்காகப் போரிட்டு மாளும் சாத்தோ தடனோபு என்ற வீரனின் கதை. முதற்படத்திலேயே செஞ்சோற்றுக் கடன்! அதன்பின் பதினேழு ஆண்டுகளில் அவர் நடித்தவை ஆயிரம் படங்களுக்குமேல் என்று கணக்கிடுவர். ஆண்டுக்கு ஏறக்குறைய அறுபது. பெரிய விழிகளை உருட்டி நிற்பதால் மக்கள் அவரை 'விழிக்கார மாட்சு' என்று செல்லமாக அழைத்தனர். சூஷிங்குராவை அவர் பன்முறை நடித்தார். தொடக்கக்காலப் படமொன்றில் தலைவன் அசானோவாகவும், தொண்டன் ஓயிஷியாகவும், எதிரியின் வாள்வீரனாகவும் அவர் ஒருவரே தோன்றுகிறார்.

அப்படங்களை இன்று காண்போர்க்கு ஏமாற்றமே உண்டாகும். படக்கருவி அசையாமல் நிற்கும். நாடக மேடையில் நடப்பதுபோல் எல்லாம் அதன்முன் நடந்து முடியும். பெண் வேடத்தில் தோன்றுவோர் ஆண்களே. நம் பழைய நாடகக் குழுக்களின் ஸ்திரீபார்ட் நடிகர்களைப் போன்றவர்கள். கதைத் தொடர்ச்சியைக்கூடப் படம் தெளிவாகக் காட்டாது. கதை எல்லாருக்கும் தெரியும் என்ற துணிவில் எடுத்தவை அவை. தலைவன் ஏன் தொண்டுக்குரியவன் என்ற கேள்விக்கு அங்கே இடமேயில்லை. ஆயினும் கொட்டகையில் அமர்ந்திருந்தோர் கண்ணீர் வடித்தனர். அக்கண்ணீரை வரவழைத்தவர் திரைக்கு அருகில் நின்ற 'பென்ஷி'.

பென்ஷி என்பவர் ஊமைப்படத்திற்கு வாயாக நின்ற சொல்விளக்குநர். பாத்திரங்களின் உரையாடலைக் குரல்மாற்றிப் பேசுவார். இடையிடையே கதை சொல்வார். சோகக் கட்டங்களில் இசைக் கருவிகளோடு இழைந்து அழவைப்பார். பென்ஷியின் பெயருக்காகவே கொட்டகைக்குச் சென்றோர் பலர். தொக்குகாவா முசெய் போன்றோர் நடிகர்களுக்கு நிகரான புகழ் பெற்றிருந்தனர். நம்மூர்க் கூத்துக் கட்டியங்காரனையும் கதாகாலட்சேபம் செய்வோரையும் அறிந்தவர்கள் இதனை எளிதில் உணர்வர். இதில் வரலாற்றுக்கு முக்கியமான செய்தி ஒன்றுண்டு. திரையில் ஒரு வீரன் வயிற்றைக் கீறிக்கொள்கிறான், படம் ஊமை. அச்செயல் புகழ்ச்சிக்குரியதா, இரக்கத்துக்குரியதா, கொடுமையா என்பதைச் சொல்லும் அதிகாரம் பென்ஷியின் நாவில் இருந்தது. ஒரே படச்சுருள் இரண்டு கொட்டகைகளில் இருவேறு பொருள் தரக்கூடும். காவல்துறை இதனை நன்கு உணர்ந்திருந்தது. 1917 இல் தோக்கியோ காவல்துறை கொண்டுவந்த விதிகள் பென்ஷிகள் உரிமம் பெறவேண்டும் என்றன. ஆண்களும் பெண்களும் தனித்தனியே அமரவேண்டும் என்பதும் அவ்விதிகளுள் ஒன்று. கடமையைக் கற்பிக்கும் ஆசிரியர்களாகப் பென்ஷிகளை ஆக்கிவிட அரசு விரும்பியது.

அவ்விருப்பத்திற்கு உரமூட்டிய நிகழ்ச்சி 1912 இல் நடந்தது. மெய்ஜி பேரரசரின் இறுதி ஊர்வலம் புறப்பட்ட செப்டம்பர் 13 அன்று, ருசியப் போரில் புகழ்பெற்ற தளபதி நோகி மாரெசுகே தம் இல்லத்தில் வயிறு கீறி உயிர்விட்டார். அவருடைய மனைவியும் உடன் மாண்டார். அத்தம்பதியின் புதல்வர் இருவரும் அப்போரிலேயே மடிந்திருந்தனர். தலைவனைத் தொடர்ந்து சாகும் இவ்வழக்கத்தை ஷோகன் ஆட்சியே 1663 இல் தடை செய்திருந்தது. மின்விளக்கும் புகைவண்டியும் வந்துவிட்ட நாட்டில் இருநூற்றைம்பது ஆண்டுகளுக்கு முன்பே தடுக்கப்பட்ட ஒரு செயலை ஒரு முதுபெருந் தளபதி செய்தார். மக்கள் திகைத்தனர். போற்றியோர் பலர்; பழமைப் பித்து என்று முணுமுணுத்தோரும் உண்டு. சாமுராயின் கடன் இப்போது சிற்றரசரை விட்டுப் பேரரசர்பால் திருப்பப்பட்டிருந்தது. சூஷிங்குரா படங்கள் ஓடிய கொட்டகைகளில் அமர்ந்திருந்தோர் அச்செய்தியை நாளேட்டில் படித்தவர்களே.

1923 செப்டம்பர் முதல் நாள் தோக்கியோவையும் சுற்றுவட்டாரங்களையும் பெரும் நிலநடுக்கம் அழித்தது. படப்பிடிப்பு நிலையங்கள் பல பாழாயின. தொழிலின் பெரும்பகுதி கியோட்டோவுக்கு நகர்ந்தது. பழங்கால மாளிகைகளும் ஆலயங்களும் நிறைந்த அந்நகரில் வரலாற்றுப் படமெடுப்பது எளிது. அவ்வேளையில் மாட்சுனோசுகேயின் காலமும் முடியும் தறுவாயில் இருந்தது. 1926 இல் அவர் காலமானபோது கியோட்டோ வீதிகளில் மக்கள் திரண்டு நின்று வழியனுப்பினர். மக்கினோ ஷோசோ அவரைப் பிரிந்து தம் சொந்த நிறுவனத்தில் இளைஞர்களைக் கூட்டியிருந்தார். நாடகத்துறையில் சவாதா ஷோஜிரோ நடத்திய 'ஷின்கொக்கெகி' குழுவினர் காபுகி நடனத்தைப் போலன்றி மெய்யாகவே வெட்டிக்கொள்வதுபோல் வாட்போர் செய்து காட்டினர். அவ்வேகம் திரைக்கும் வந்தது. படக்கருவியும் கால்முளைத்து வீரனுடன் ஓடத் தொடங்கிற்று.

வேகத்தைவிடப் பெரிய மாற்றம் கதையில் நேர்ந்தது. 1925 நவம்பரில் வெளிவந்த 'ஒரோச்சி' அதன் முதல் அடையாளம். 'பெரும்பாம்பு' என்பது அப்பெயரின் பொருள். நடிகர் பாண்டோ சுமசாபுரோ தமது இருபத்துமூன்றாம் வயதில் சொந்த நிறுவனம் தொடங்கி எடுத்த படம் அது. இயக்கியவர் ஃபுதகாவா புந்தாரோ. கதை வசனம் சுசுகீத்தா ரோகுஹெய். அடங்காதவன் என்ற பொருள்பட முதலில் சூட்டிய பெயரைத் தணிக்கையின் பொருட்டு மாற்ற நேர்ந்தது. அவ்வாண்டில்தான் நாடு முழுவதற்கும் ஒரே தணிக்கை முறையை உள்துறை அமைச்சகம் கொண்டுவந்திருந்தது.

கதை நாயகன் ஹெய்சாபுரோ தாழ்ந்த நிலைச் சாமுராய். ஓர் அறநூல் ஆசிரியரின் மாணவன். ஆசிரியரின் பிறந்தநாள் விருந்தில் உயர்குலத்து இளைஞன் ஒருவன் அவனை இழிவுபடுத்துகிறான். கைகலப்பு நேர்கிறது. தண்டனை ஹெய்சாபுரோவுக்கு மட்டும். ஆசிரியரின் மகளை இழித்துப் பேசியவர்களோடு பின்னொரு நாள் அவன் மோதுகிறான். ஆசிரியர் காரணம் கேளாமலே அவனைத் துரத்திவிடுகிறார். ஊர்விட்டு ஊர் செல்கிறான். நல்லெண்ணத்தோடு செய்வதெல்லாம் அவன்மீதே பழியாகத் திரும்புகிறது. சிறைவாசமும் வறுமையும் தொடர்கின்றன. இறுதியில், வள்ளல் என்று ஊரார் வணங்கும் ஒருவனுடைய அண்டையில் ஒதுங்குகிறான். அவ்வள்ளல் பெண்களைக் கடத்தும் கயவன். ஒருநாள் அவன் வலையில் விழுந்தவள் அந்த ஆசிரியரின் மகளே. நோயுற்ற கணவனோடு வந்தவள். அவளைக் காக்கக் கயவனை வெட்டிவிட்டு ஹெய்சாபுரோ வெளியே வருகிறான். வீதி முழுதும் காவலர்கள். கயிறும் கோலும் ஏணியுமாக வளைத்துக்கொண்ட அத்தனை பேருடன் ஒற்றை ஆளாய் அவன் பொருதும் காட்சி, படத்தின் இறுதிப் பகுதியை நெடுநேரம் ஆட்கொள்கிறது. பிடிபட்டுக் கட்டுண்டு நடக்கிறான். ஊரார் கொலைகாரன் என்று ஏசுகின்றனர். கூட்டத்தின் ஓரத்தில் கைகூப்பி நிற்போர் இருவர்: அவளும் அவள் கணவனும்.

கெட்டவன் எனப்படுபவரெல்லாம் கெட்டவருமல்லர், சான்றோர் எனப்படுபவரெல்லாம் சான்றோருமல்லர் என்ற கருத்தைப் படம் தன் தொடக்க அட்டையிலேயே சொல்லிவிடுகிறது. மாட்சுனோசுகேயின் படங்களைக் கண்டு வளர்ந்தோர்க்கு இது புதிது. ஓயிஷிக்குக் கடமையைச் செலுத்த ஒரு கல்லறையேனும் இருந்தது. ஹெய்சாபுரோவோ ஆசிரியருக்கும் ஊருக்கும் புரவலனுக்கும் நேர்மையோடு தலைவணங்கியவன். அத்தலைவணக்கத்துக்கு உரியவர் ஒருவரையும் அவன் காணவில்லை.

இத்தோ தாய்சுகே 1927 இல் எடுத்த 'கெரோ' இன்னும் ஆழமாக வெட்டியது. கெரோ என்றால் ஏவலாள். சாமுராய்க் குலத்தானல்லன், சாமுராயின் மூட்டை சுமப்பவன். தந்தையைக் கொன்றவனைத் தேடிச் செல்லும் இளம் எசமானனோடு இவன் ஊர் ஊராய் அலைகிறான். எதிரியை எதிர்பாராமல் சந்தித்துக் கொன்றவன் இந்த ஏவலாளே. கடமை நிறைவேறிவிட்டது. ஆனால், மாண்டவனின் உறவினர் பெரும்படையோடு வந்து கொன்றவனை ஒப்படைக்கக் கேட்கின்றனர். எசமானன் தன் உயிரை எண்ணுகிறான். ஒரு கடிதத்தைக் கொடுத்து ஏவலாளை அவர்களிடம் அனுப்புகிறான். ஏவலாளுக்கு எழுத்து வாசிக்கத் தெரியாது. தன் கொலைக்கான ஒப்புதலைத் தானே சுமந்து செல்கிறான். அகோவின் நாற்பத்தெழுவருள் காலாள் வீரர் தெராசாகாவின் கதையை மேடைகள் ஏன் ஓரத்தில் வைத்தன என்பதை இப்படத்தின் அருகே வைத்து எண்ணிப் பார்க்கலாம். கடன் செலுத்துவதில் ஏவலாளுக்கும் பங்குண்டு. புகழைப் பங்கிடும்போது அவன் பெயர் இருப்பதில்லை. இத்தோவின் படம் முழுமையாக எஞ்சவில்லை. சிறு துண்டுகளே கிடைத்துள்ளன. அதே ஆண்டு அவர் எடுத்த 'சூஜியின் பயணக் குறிப்பு', சாமுராய் அல்லாத ஒரு சூதாட்டக் கும்பல் தலைவனைத் தன் ஆட்களே காட்டிக்கொடுப்பதைச் சொல்வது. மூன்று பாகங்களும் அழிந்தன என்றே எண்ணியிருந்தனர். 1991 இல் அதன் பிற்பகுதிகளின் சுருள்கள் கண்டெடுக்கப்பட்டன.

இப்படங்களைப் பார்க்கக் கூடியவர்கள் யார்? தொழிலாளரும் மாணவரும் கடைச் சிப்பந்திகளும் ஆவர். 1918 இல் அரிசி விலை ஏறியபோது நாடெங்கும் கலவரம் மூண்டிருந்தது. 1927 இல் வங்கிகள் வரிசையாக மூடப்பட்டன. 1925 இல் ஆடவர் அனைவர்க்கும் வாக்குரிமை வழங்கிய அதே நாடாளுமன்றம், அரசமைப்பை மாற்றப் பேசுவோரைச் சிறையிலிடும் பாதுகாப்புச் சட்டத்தையும் நிறைவேற்றியது. நிகழ்காலத்து முதலாளியையோ அமைச்சரையோ திரையில் காட்டினால் கத்தரிக்கோல் பாயும். இருநூறு ஆண்டுகளுக்கு முன்பிருந்த ஒரு கொடிய பிரபுவைக் காட்டினால் ஓரளவு தப்பலாம். வேலையிழந்தவன் திரையில் ரோனினைக் கண்டான். அவனுக்குப் பொருள் விளங்காமற் போகவில்லை.

1928 ஆம் ஆண்டில் ஒரே குடும்பத்துக்குள் இரு படங்கள் உருவாயின. மக்கினோ ஷோசோ தம் ஐம்பதாம் வயதின் நினைவாக ஒரு மாபெரும் சூஷிங்குரா படத்தை எடுத்தார். நாடகக் கற்பனைகளை நீக்கி மெய் நிகழ்ச்சியாகக் காட்டவேண்டும் என்பது அவருடைய வேட்கை. ஓயிஷியாக நடிக்க நாடக மேடையின் மூத்த நடிகர் இயி யோஹோவை அழைத்தார். அந்நடிப்பு அவருக்கு நிறைவளிக்கவில்லை. மார்ச் மாதம் படத்தொகுப்பு நடந்துகொண்டிருந்தபோது விளக்கொன்று வெடித்துச் சுருளில் தீப்பற்றியது. அக்காலத்துப் படச்சுருள் வெடிமருந்தைப்போல் எரியும் இயல்புடையது. படத்தின் ஒரு பகுதி சாம்பலாயிற்று. எஞ்சியவற்றைக் கோத்து வெளியிட்டனர். பின்னர் முன்னணி நடிகர் பலர் நிறுவனத்தைவிட்டு விலகினர். தலைவனுக்காகத் தொண்டர் உயிர்விடும் படத்தை எடுத்தவரிடமிருந்து தொண்டர்கள் பிரிந்து சென்றது காலத்தின் நகை எனலாம். அடுத்த ஆண்டு ஜூலையில் மக்கினோ ஷோசோ மறைந்தார்.

மற்றொரு படம் அவருடைய மகனுடையது. இருபது வயது மக்கினோ மசாஹிரோ அவ்வாண்டு அக்டோபரில் 'ரோனின்காய்' என்ற தொடரின் முதற்பாகத்தை வெளியிட்டார். ரோனின்களின் தெரு என்பது பொருள். எழுதியவர் இருபத்தைந்து வயது யமகாமி இத்தாரோ. இதில் பழிதீர்க்கத் தலைவனும் இல்லை, கல்லறையும் இல்லை. எடோவின் ஒதுக்குப்புறத்தில் கள்ளுக்கடையே கதியென்று கிடக்கும் சில ரோனின்கள், உழைக்கத் தெரியாதவர்கள், தம்மை நம்பிய பெண்களின் வருவாயில் வயிறு வளர்ப்பவர்கள். மீண்டும் ஏதேனும் ஒரு பிரபுவின் சோற்றுக்குச் சேர்ந்துவிடமாட்டோமா என்று ஏங்குவோரும் அவர்களுள் உண்டு. இறுதியில் அவர்கள் வாளெடுப்பது பிரபுக்களிடம் அகப்பட்ட ஒரு சாதாரணப் பெண்ணுக்காக. கடன் என்ற சொல் அங்கே மேல்நோக்கிச் செல்லாமல் பக்கத்து வீட்டை நோக்கித் திரும்புகிறது. 'கினெமா ஜூம்போ' என்ற திரையிதழின் திறனாய்வாளர்கள் அவ்வாண்டின் தலைசிறந்த ஜப்பானியப் படமாக இதனைத் தேர்ந்தனர். தந்தையின் படத்தையும் தனயன் படத்தையும் ஒப்பிட்டுத் தந்தையைப் பழைமைவாதி என்று தள்ளுவது பொருந்தாது. மாட்சுனோசுகேயை மட்டுமன்றிச் சுமசாபுரோவையும் சுசுகீத்தாவையும் வளர்த்து ஆளாக்கியவர் அந்தத் தந்தையே.

1929 இல் இத்தோ உழவர் கிளர்ச்சியை வாட்போர்ப் படமாக்கினார்: 'மனிதனையும் குதிரையையும் வெட்டும் வாள்'. தந்தையைக் கொன்றவனைத் தேடிவந்த ரோனின், வரிக்கொடுமையால் நசுங்கும் உழவரின் பக்கம் சேர்கிறான். அதற்குமேல் தணிக்கையாளர் பொறுக்கவில்லை. இவ்வகைப் படங்கள் ஓரிரு ஆண்டுகளுக்குள் அடங்கிவிட்டன. 1931 இல் படை மஞ்சூரியாவுக்குள் நுழைந்தது. அதே ஆண்டில் நல்வெற்றி பெற்ற முதல் பேசும்படமும் வந்தது. பென்ஷிகள் வேலை இழந்தனர், 1932 இல் வேலைநிறுத்தம் செய்து பார்த்தனர், பயனில்லை. பின்னாளில் உலகப் புகழ்பெற்ற இயக்குநர் அகிரா குரோசாவாவின் அண்ணன் ஹெய்கோவும் ஒரு பென்ஷி. 1933 இல் அவர் தற்கொலை செய்துகொண்டார். ஒலி வந்ததால் திரைக்குச் சொந்தக் குரல் கிடைத்தது என்பது உண்மை. அக்குரலைக் காவல்துறையும் அமைச்சகமும் ஒரே இடத்தில், ஒரே முறையில் திருத்திவிடலாம் என்பதும் உண்மை. ஒவ்வொரு கொட்டகையிலும் ஒவ்வொரு விதமாகப் பேசிய நாக்குகள் ஓய்ந்தன.

அரசுக்கு இப்போது மீண்டும் சூஷிங்குரா தேவைப்பட்டது. மிசோகுச்சி கெஞ்ஜி இயக்கிய 'கென்ரோக்கு சூஷிங்குரா'வின் முதற்பாகம் 1941 டிசம்பர் முதல் நாள் வெளிவந்தது. ஒரு வாரத்தில் ஜப்பானியப் படை கோத்தா பாருவில் கரையிறங்கியது. இரண்டாம் பாகம் 1942 பிப்ரவரி 11 இல் வெளிவந்தது. நான்கு நாள்களில் சிங்கப்பூர் வீழ்ந்தது. மிசோகுச்சி கிராவின் மாளிகைத் தாக்குதலைக் காட்டவேயில்லை. அது நடந்து முடிந்ததை ஒரு கடிதத்தை வாசிக்கக் கேட்டு அறியுமாறு அமைத்தார். வாளோசையை எதிர்பார்த்து வந்தோர்க்கு அப்படம் சுவைக்கவில்லை.

போர் முடிந்தபின் அமெரிக்க ஆட்சியினர் 1945 நவம்பரில் தடைப்பட்டியல் வெளியிட்டனர். பழிவாங்குதலைப் போற்றுவதும், பிரபுக்கள் காலத்துத் தொண்டையும் உயிரைத் துச்சமாக மதிப்பதையும் சிறப்பிப்பதும், தற்கொலையை ஏற்பதும் கூடா எனப்பட்டது. வாட்போரே திரையில் அருகியது. 'ஒரோச்சி'யின் சீற்றத்தையும் சூஷிங்குராவின் வணக்கத்தையும் வேறுபடுத்திப் பார்க்க வந்தவர்களுக்குப் பொழுதில்லை. 'ரோனின்காய்' எழுதிய யமகாமி இத்தாரோ அதற்குமுன்பே மறைந்துவிட்டார். தலைவன் சோற்றுக்கு ஏங்கிய ரோனின்களைப் படைத்த அவர், 1945 இல் பிலிப்பீன் தீவுகளில் ஜப்பானியப் படைவீரராக மாண்டார்.

1952 இல் அந்நிய ஆட்சி முடிந்தது. சூஷிங்குரா படங்கள் வரிசையாகத் திரும்பி வந்தன. 1955 இல் இத்தோ தாய்சுகே, தம் இளமையில் எடுத்து இழந்த படத்தை மீண்டும் எடுத்தார். 'ஏவலாளின் தலை' என்று அதற்குப் பெயரிட்டார். இம்முறை பாத்திரங்கள் தாமே பேசின. ஏவலாள் எசமானன் தந்த கடிதத்தைப் பத்திரமாக மடியில் வைத்துக்கொண்டு, யாரோ காத்திருக்கும் இடத்தை நோக்கி விரைந்து நடக்கிறான்.